பாட்டுக்கு அடியில்

முதலில் கைப்பேசிதான் மௌனத்தில் கிடக்கிறது என்று நினைத்தாள். பக்கவாட்டுப் பொத்தானை அழுத்தி ஒலியைக் கடைசிவரை ஏற்றினாள். திரையில் அன்றைய பத்து வயது மகள், கோரைப்பல் விழுந்த இடம் கறுப்பாகத் தெரிய, முக்காலியில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தாள். மகளுக்குப் பின்னால் இவளுடைய கைகள் மட்டும் தெரிந்தன. ஈர முடியை நான்கு கால்களாகப் பிரித்து, விரலிடுக்குகளில் மாட்டி, ஒன்றின்மேல் ஒன்றாகத் தூக்கிப் போட்டுக்கொண்டிருந்தன. மகளின் வாய் திறந்து மூடியது, தோள் குலுங்கியது. சத்தம் மட்டும் வரவில்லை. சுவரில் மாட்டியிருந்த முடி உலர்த்தியின் வயர் பிளக்கிலிருந்து வெளியே வந்து தொங்கியது. அறையில் வேறெந்த இரைச்சலும் இல்லை. அவள் கைப்பேசியைக் காதோடு ஒட்டிவைத்துக் கேட்டாள். ஒன்றுமில்லை.

மதியம் இரண்டு மணிக்கு மேல் பார்லரில் ஆள் வரத்து குறையும். வீட்டின் முன்னறையைத்தான் பார்லராக மாற்றியிருந்தாள். சுவர் நீளத்துக்கு ஒரு கண்ணாடி, சுழலும் நாற்காலி இரண்டு, காத்திருப்பவர்களுக்கு ஒரு பெஞ்ச், தெருவைப் பார்த்த கண்ணாடிக் கதவு. தரையில் காலையிலிருந்து வெட்டிய முடி ஓரமாகக் கூட்டி வைக்கப்பட்டிருந்தது. வழக்கமாக இந்த நேரத்தில் சாயக் கிண்ணங்களைக் கழுவுவாள். இந்த வாரம் கிண்ணங்கள் அப்படியே காய்ந்தன. அவள் வீடியோக்களைப் போட்டு வைத்திருந்த அந்தச் செயலியை மாதக் கடைசியோடு மூடப்போகிறார்கள் என்று அறிவிப்பு வந்திருந்தது. வேண்டியவர்கள் அதற்குள் தங்கள் வீடியோக்களைச் சேமித்துக்கொள்ளலாமாம்.

மகளை அழைத்தாள். கல்லூரி விடுதியில் தங்கிப் படிக்கும் பெண். இந்த நேரத்தில் எடுப்பாளோ மாட்டாளோ என்று நினைக்கும்போதே எடுத்துவிட்டாள்.

"அம்மா, கிளாஸ்ல இருக்கேன்."

"கொஞ்சம் வெளிய வா. ஒரே ஒரு சந்தேகம்."

"நீ ஒரே ஒரு சந்தேகம்னு ஆரம்பிச்சா, நான் டிகிரி முடிச்சிட்டு வர்ற வரைக்கும் போகும். சொல்லு."

"நம்ம பின்னல் வீடியோவ ஃபோன்ல சேவ் பண்ணேன். படம் வருது, சத்தம் வரல."

"வராதும்மா. நீ பாட்டு போட்டிருப்பல்ல, அந்தப் பாட்டு அவங்களுக்குச் சொந்தம். உள்ள வெச்சுப் பாக்கற வரைக்கும்தான் கேக்கும். வெளிய எடுத்தா பாட்ட உருவிட்டுத்தான் குடுப்பாங்க. வெறும் ஊமைப் படம்தான்…"

மகள் சட்டென்று நிறுத்திக்கொண்டாள். இரண்டு வருடமாக அந்த வீட்டில் யாரும் வாயில் எடுக்காத சொல் அது.

"சாரிம்மா."

"அத விடு. எனக்குப் பாட்டு வேணாம்டி. பாட்டுக்கு அடியில இருந்துச்சே, நாம பேசினது, அது வேணும்."

மறுமுனையில் யாரோ நடந்துபோகும் செருப்புச் சத்தம் கேட்டது. பிறகு மகள் மெதுவாகச் சொன்னாள். "அது எப்படிம்மா இருக்கும்? நீதான் ஒவ்வொரு தடவையும் நம்ம சத்தத்த ஜீரோவுக்கு இழுத்துடுவியே. அப்ப எடுத்த ஒரிஜினல் ஃபோன்லயே இருந்தாத்தான் உண்டு. அதையும் நீ ஏத்தின கையோட அழிச்சிடுவ, இடமில்ல இடமில்லன்னு."

"ம்."

"அப்பா இதக் கேட்டாரா?"

"இல்ல. அப்பாகிட்ட சொல்லாத."

அழைப்பைத் துண்டித்தாள். கட்டைவிரல் தன்னையறியாமல் திரையின் மேல் இடப்பக்கமாக ஒருமுறை நகர்ந்தது. செயலிக்குள் இரண்டு கோடுகள் இருக்கும். மேல்கோடு பாட்டு, கீழ்க்கோடு நம்முடைய சத்தம். கீழ்க்கோட்டின் புள்ளியைக் கட்டைவிரலால் பிடித்து இடப்பக்கம் கடைசிவரை இழுத்துவிட்டால், பேச்சு, சிரிப்பு, சீப்பு உராய்வது எல்லாம் அடங்கிப்போகும். பல்லில் சிக்கிய நாரைத் துப்புவதுபோல, யோசிக்காமல் செய்த வேலை அது.

அந்த வீடியோக்கள் விளையாட்டாகத் தொடங்கியவை. மகளுக்கு இடுப்பைத் தாண்டிய முடி. காலையில் பள்ளிக்குக் கிளம்பும் அவசரத்தில் தினமும் ஒரு புதுப் பின்னல் போட்டுவிடுவாள். இரண்டு கைக்கும் வேலை இருந்ததால் கைப்பேசியைப் பிடிப்பது கணவரின் பொறுப்பு. அவர் டிரைவிங் ஸ்கூலில் கற்றுக்கொடுப்பவர். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து, காலடியில் தனக்கென்று ஒரு பிரேக்கை வைத்துக்கொண்டு, புதிதாக ஓட்ட வருகிறவர்களிடம் நாள் முழுக்கப் பேசிக்கொண்டே இருக்கும் வேலை. வேலை நேரத்தில் பேசிப் பழகிய வாய் வீட்டிலும் ஓயாது. வண்டி கற்றுக்கொண்டவர்கள் அவருக்கு வைத்த பெயர் ரேடியோ. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று கல்யாணத்தின்போது யாரோ சொன்னார்கள். அவருக்கு வாய்தான் இருந்தது, பிள்ளையும் அதை வைத்துத்தான் பிழைத்தது.

கைப்பேசியைப் பிடித்துக்கொண்டு அவர் சும்மா நிற்கமாட்டார். ஓட்டுநர் பாடத்தையே பின்னலுக்கும் நடத்துவார். "இப்ப ஓனரம்மா லெஃப்ட் கால எடுத்து நடுவுல விடறாங்க. கண்ணாடியப் பாத்து, இண்டிகேட்டர் போட்டு, மெதுவா… ஆங், டர்னிங்ல இழுக்காதீங்க, வண்டி கத்தும்." வண்டி என்பது மகள். வண்டி உடனே கத்தும். முக்காலி ஆடும். பின்னல் கோணும். "பேசாம எடுங்களேன், ஸ்கூல் பஸ் போயிடும்" என்று அவள் பல்லில் ஹேர்பின்னைக் கடித்துக்கொண்டு சொல்வாள். "பஸ் போனா என்ன, நான் வண்டி ஓட்டத் தெரிஞ்சவன்தான்" என்பார். பார்லர் வைத்த புதிதில் அவளை ஓனரம்மா என்று கூப்பிட ஆரம்பித்தவர், பிறகு பெயரையே மறந்துவிட்டார்.

முதல் சில வீடியோக்களை அந்தப் பேச்சோடுதான் போட்டாள். கீழே யாரோ எழுதினார்கள்: பின்னல் அருமை, பின்னால் பேசும் அங்கிளை யாராவது ஆஃப் பண்ணுங்கள். இன்னொருவர் அதற்குச் சிரிப்புப் பொம்மைகள் போட்டிருந்தார். அவளுக்கு அன்று முகம் சுண்டிப்போனது. முகம் தெரியாத யாரோ தன் வீட்டுக்குள் வந்து தன் புருஷனைக் குறை சொன்னதுபோல் இருந்தது. அதே சமயம் அவர்கள் சொல்வதும் சரிதான் என்றும் பட்டது. அந்த வீடியோக்களை எடுத்துவிட்டு, மேலே பாட்டை ஒட்டி மறுபடி போட்டாள். அடுத்தநாள் பார்த்த கூட்டம் இரட்டிப்பானது. அதிலிருந்து பாட்டில்லாமல் ஒன்றும் போகவில்லை. அவருக்கும் வருத்தமில்லை. "என் டயலாக்குக்கு மேல பாட்டு போட்டு அமுக்கறியா? பரவால்ல, ஹீரோவுக்கு இதெல்லாம் சகஜம்" என்றார். மறுநாளும் பேசினார். அதற்கு மறுநாளும்.

பிறகு தொண்டை கட்டியது. கத்திக் கத்தித்தான் என்று எல்லோரும் சொன்னார்கள். வெந்நீர் குடித்தார், உப்புநீரில் கொப்பளித்தார், ஒரு வாரம் விடுப்புப் போட்டார். கட்டியது அவிழவில்லை. கடைசியில் மருத்துவர் ஸ்கேன் படத்தில் தெரிந்த கட்டியைச் சுட்டிக்காட்டி, குரல்வளையை முழுவதும் எடுத்தால் ஆளைக் காப்பாற்றலாம் என்றார். ஆளா குரலா என்று வந்தபோது யாரும் யோசிக்கவில்லை. யோசிக்க அதில் என்ன இருந்தது.

அறுவைக்கு முந்தைய நாள் மாலை நர்ஸ் ஒருத்தி வந்து, குரலைப் பதிவு செய்து வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் ஆசையாக இருக்கும் என்று சொல்லிவிட்டுப் போனாள். செய்யலாம் என்றுதான் இருந்தார்கள். ஆனால் அன்று அவர் பேச ஆரம்பித்தார். கூடப் பிறந்தவர்கள், கூட வேலை பார்த்தவர்கள், எப்போதோ வண்டி கற்றுக்கொண்டு போனவர்கள் என்று ஒவ்வொருவராக அழைத்துப் பேசினார். மகளைப் பக்கத்தில் உட்கார வைத்து அவள் பிறந்த கதையைச் சொன்னார். மனைவியிடம், மோர் விற்ற கிழவியை லைசென்ஸ் எடுக்க வைத்த கதையைப் பத்தாவது முறையாகச் சொன்னார். கட்டிலைச் சுற்றி எல்லோரும் சிரித்தார்கள். யாரும் பதிவு செய்யவில்லை. கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

கல்யாண வீடியோவை எடுத்துப் பார்த்தால் அதிலும் முதலிலிருந்து கடைசிவரை சினிமாப் பாட்டு. குரல் செய்தி அனுப்புகிற பழக்கம் அவருக்குக் கிடையாது. நேரில் பேச வாய் இருக்கும்போது காற்றில் எதற்கு அனுப்ப வேண்டும் என்பார். குடும்பத்தில் எங்கே யார் படம் எடுத்தாலும், கைப்பேசியைப் பிடித்தவர் அவராகவே இருந்ததால் அவர் உருவம்கூட அதிகம் இல்லை.

இப்போது கழுத்தில் சிறிய துளை. அதன்மேல் மெல்லிய துணி. பேச ஒரு கருவி உண்டு, கைக்கு அடக்கமான டார்ச் மாதிரி. தாடைக்குக் கீழே கழுத்தில் பதித்து, பொத்தானை அழுத்திக்கொண்டு வாயை அசைத்தால் சொற்கள் ரீங்காரமாக வெளியே வரும். அதற்கு வண்டு என்று அவரே பெயர் வைத்தார். டிரைவிங் ஸ்கூல் முதலாளி அவரை விடவில்லை. ஒரு கையில் வண்டைப் பிடித்துக்கொண்டு பாடம் சொல்கிறார். அவசரத்துக்கு முன்பலகையைத் தட்டுகிறார், அதற்கும் மீறினால் காலடி பிரேக் இருக்கிறது. முன்னைவிட மாணவர்கள் சொன்ன பேச்சைக் கேட்கிறார்களாம். யாரும் ரேடியோ என்று கூப்பிடுவதில்லை என்பது மட்டும்தான் குறை. ஆனால் அதை அவர் குறையாகச் சொன்னதில்லை.

வண்டு எல்லாவற்றையும் ஒரே சுருதியில் சொல்லும். சோறு போடு என்பதும், மழை வருகிறது என்பதும், உன்மேல் எனக்குக் கோபம் என்பதும் அதற்கு ஒன்றுதான். அவளுக்கு அது பழகிவிட்டது. பழகியதுதான் வினையாகப் போனது. சில வாரங்களுக்கு முன்னால் ஒரு வாடிக்கைக்காரிக்குப் பின்னல் போடும்போது, டர்னிங்ல இழுக்காதீங்க, வண்டி கத்தும் என்ற வாக்கியம் மனதுக்குள் வந்தது. வந்தது வண்டின் குரலில். சீப்பைப் பிடித்த கை அப்படியே நின்றுவிட்டது. பழைய குரலில் அதை மறுபடி கேட்டுப்பார்க்க முயன்றாள். சொற்கள் வந்தன, முகம் வந்தது, சட்டையின் நிறம்கூட வந்தது. குரல் வரவில்லை. அன்றிலிருந்து பல் துலக்கும்போதும் பாத்திரம் கழுவும்போதும் அதைத் தேடினாள். அவர் அவளை முதன்முதலாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது, மகள் பிறந்த அன்று கதவுக்கு வெளியிலிருந்து கேட்டது, எதை எடுத்தாலும் ரீங்காரம்தான். இருபது வருட வாழ்க்கைக்கு யாரோ வேறு குரல் கொடுத்து முடித்துவிட்டார்கள். இதை அவரிடம் எப்படிச் சொல்வது. உயிரோடு எதிரில் உட்கார்ந்து சாப்பிடுகிற மனிதரிடம், நீங்கள் போய்விட்டீர்கள் என்று சொல்வதுபோல ஆகிவிடாதா.

அதனால்தான் செயலியை மூடுகிற செய்தி வந்ததும் அவளுக்குக் கை கால் ஓடவில்லை. எங்கோ ஒன்றில் பாட்டுப் போட மறந்திருக்கலாம். எங்கோ ஒன்றில் கட்டைவிரல் கடைசிவரை இழுக்காமல் நின்றிருக்கலாம்.

மகளிடம் பேசிய பிறகு, சேமிப்பதை விட்டுவிட்டாள். செயலிக்குள்ளேயே ஒவ்வொன்றாகத் திறந்து, பாட்டு ஆரம்பிக்கிறதா என்று மட்டும் கேட்டாள். ஆரம்பித்தால் அடுத்தது. குத்துப்பாட்டு, காதல் பாட்டு, அந்தந்தக் காலத்தில் எல்லோரும் போட்ட பாட்டு. ஒருகாலத்தில் தேடித் தேடி எடுத்த பாட்டுகள் இப்போது வாசலை மறித்துக்கொண்டு நிற்கும் ஆட்களைப்போல எரிச்சலூட்டின. கொஞ்சம் ஒத்துங்களேன் என்று அவற்றிடம் சொல்ல வேண்டும்போல் இருந்தது. பாட்டுக்கு அடியில் மகளின் முகம் மாறிக்கொண்டே போனது. திடீரென்று கண் விரியும், கன்னத்தை உப்பிச் சிரிப்பை அடக்கும், கேமராவுக்கு மேலே யாரையோ பார்த்து நாக்கைத் துருத்தும். அந்த முகத்தை வைத்து அவர் எந்த இடத்தில் என்ன சொல்லியிருப்பார் என்று ஓரளவு ஊகிக்க முடிந்தது. வானத்தில் பறவை தெரியாவிட்டாலும் தரையில் நிழல் போகுமே, அப்படி.

கோடைக்கால வீடியோக்களைத் தாண்டி, பள்ளி திறந்த முதல் வாரத்துக்கு வந்தபோது பாட்டு வரவில்லை.

அவள் விரலை எடுத்துவிட்டாள். முதலில் சீப்பு முடியில் இறங்கும் சத்தம். பிறகு மின்விசிறி. மகள் மூக்கை உறிஞ்சினாள். "அம்மா வலிக்குது" என்றாள். உயர்ந்த, கீச்சென்ற குழந்தைக் குரல். "ஆடாம இரு" என்றது அவள் சொந்தக் குரல்தான். ஆனால் எத்தனை இளசாக இருந்தது. கைகள் பின்னின. மகள் கேமராவுக்கு மேலே பார்த்து உதட்டைப் பிதுக்கினாள். பதில் இல்லை. மறுபடி பார்த்தாள், கண்ணைச் சிமிட்டினாள். அதற்கும் பதில் இல்லை. கேமரா லேசாகக் குலுங்கியது, சிரிப்பை அடக்கிக்கொண்டிருக்கும் ஆளின் கை குலுங்குவதுபோல.

அப்போதுதான் அவளுக்கு ஞாபகம் வந்தது. அன்று அவள்தான் சொன்னாள். இன்னிக்கு ஒரு நாள் வாயத் தொறக்காம எடுங்க, பாட்டே போடாம நம்ம வீட்டுச் சத்தத்தோட போட்டுப் பாக்கலாம், எல்லாரும் அப்படித்தான் போடறாங்க. அவர் உதட்டின்மேல் விரலை வைத்துக்காட்டி, சரி என்று தலையாட்டினார். பேசவில்லை. வாழ்க்கையில் அவர் அவள் சொல்லை ஒழுங்காகக் கேட்ட நாட்களில் அது ஒன்று. அவர் பேசாததால்தான் அந்த வீடியோவுக்குப் பாட்டுத் தேவைப்படவில்லை. அவர் பேசாததால்தான் அது இப்போது சத்தத்தோடு இருக்கிறது.

அவளுக்குச் சிரிப்பு வந்தது. திரையில் கைகள் கடைசிப் பின்னலில் ரப்பர் பேண்ட் மாட்டின. மகளின் தோளைத் தட்டின. மகள் நிமிர்ந்து கேமராவைப் பார்த்தாள். திரை அணைவதற்கு முன்னால், கைப்பேசிக்கு மிக அருகில், மூக்கு வழியாக ஒரு சத்தம் வந்தது.

"ம்?"

முடிந்ததா என்று அர்த்தம். நிறுத்தட்டுமா, பேசலாமா, நான் சொன்னபடி கேட்டேனா இல்லையா, எனக்கு என்ன தருவாய் என்றெல்லாமும் அர்த்தம். கீழே தொடங்கி, நடுவில் கொஞ்சம் கரகரத்து, மேலே ஏறி நின்றது. ஏறும்போது அதில் ஒரு குறும்பு இருந்தது. அவ்வளவுதான். ஒரே ஒரு எழுத்து. அவள் அதைப் பின்னுக்குத் தள்ளி மறுபடி கேட்டாள். வண்டுக்கு இது வராது. வண்டில் "ம்" என்றால் நீளமாக ஒரே மாதிரி ரீங்கரிக்கும், அது கேள்வியா பதிலா என்று முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். இதில் முகமே தேவையில்லை. அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். ம்? மறுபடி தள்ளினாள். ம்?

கண்ணாடிக் கதவு திறந்ததையோ, செருப்பு கழற்றப்பட்டதையோ அவள் கவனிக்கவில்லை. கண்ணைத் திறந்தபோது எதிரே கண்ணாடியில் அவர் நின்றுகொண்டிருந்தார். சட்டைப்பையில் சாவிக்கொத்து, கையில் வண்டு. எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. அவள் அவசரமாகத் திரையை அணைக்கப்போனாள். விரல் தவறிப் பட்டு அது இன்னொருமுறை "ம்?" என்றது.

அவர் வண்டைக் கழுத்தில் வைத்தார். "யாரு அந்த அங்கிள்? யாராவது ஆஃப் பண்ணுங்க."

வேறு நாளாக இருந்தால் சிரித்திருப்பாள். உதடு கோணியது, அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அவர் பக்கத்து நாற்காலியைச் சுழற்றி அவளைப் பார்த்த மாதிரி உட்கார்ந்தார். பேசுவதற்கு முன்னால் இப்போதெல்லாம் அவருக்குக் கொஞ்சம் நேரம் தேவைப்படும், அந்த நேரத்தில் எதிரில் இருப்பவர்களே எல்லாவற்றையும் கொட்டிவிடுவார்கள்.

"உங்க குரல் எனக்கு மறந்து போச்சுங்க" என்றாள். "நெனச்சுப் பாத்தா வரமாட்டேங்குது. எல்லாம் இதுலதான் வருது. கல்யாணத்துக்கு முன்னாடி நீங்க ஃபோன்ல பேசினதுகூட இதுலதான் வருது." வண்டைச் சுட்டிக்காட்டினாள். "உங்களுக்குக் கஷ்டமா இருக்கும்னுதான் சொல்லல."

அவர் வண்டைக் கையில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வெளியே ஏதோ வண்டி கியர் மாறாமல் உறுமிக்கொண்டு போனது. வழக்கமாக அதற்கு ஒரு வார்த்தை சொல்வார்.

"இந்தச் சத்தம் புடிக்கலையா?" என்று கேட்டார். கேள்வி என்பது புருவத்தில்தான் தெரிந்தது.

அவளால் பொய் சொல்ல முடியவில்லை. "புடிக்கலன்னு இல்ல. இதுக்குக் கோபப்படத் தெரியல. கிண்டல் பண்ணத் தெரியல. நீங்க கிண்டல் பண்றீங்க, அது பாட்டுக்கு செய்தி வாசிக்குது."

அவருடைய தோள்கள் குலுங்கின. சிரிப்பு இப்போது அவருக்கு அப்படித்தான், சத்தமில்லாமல் தோளில் வரும். பிறகு தோள் நின்றது. வண்டைக் கழுத்தில் வைத்தார்.

"எனக்கும்தான்."

"என்ன உங்களுக்கும்?"

"எனக்கும் மறந்து போச்சு. கனவுலகூட வண்டுதான். உன்கிட்ட இருக்கும்னு நெனச்சேன்."

அவள் அவரைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். இரண்டு வருடமாக அவர் அதை நம்பிக்கொண்டிருந்திருக்கிறார். பத்திரமான ஓர் இடத்தில், இவள் தலைக்குள், தன் குரல் பூட்டி வைக்கப்பட்டிருக்கிறது என்று. இருவரும் ஒருவரிடம் ஒருவர் கொடுத்துவைத்ததாக நினைத்துக்கொண்டு, வெறுங்கையோடு உட்கார்ந்திருக்கிறார்கள். அவள் திரையைத் திறந்து, அவர் காதருகே பிடித்தாள்.

"ம்?"

அவர் தலையை ஒருபக்கம் சாய்த்துக் கேட்டார், எஞ்சினில் ஏதோ சத்தம் வருகிறது என்று மாணவர் யாராவது சொன்னால் கேட்பாரே, அப்படி. இன்னொருமுறை என்று விரலால் காட்டினார். கேட்டார். முகத்தில் என்ன ஓடியது என்று அவளால் சொல்ல முடியவில்லை. ஊரில் இல்லாத உறவுக்காரன் ஒருவனைச் சாலையில் பார்த்துவிட்டு, அவன்தானா என்று யோசிக்கும் முகம். கடைசியில் வண்டை எடுத்தார். "நல்லாத்தான் இருந்திருக்கு. ஆஃப் பண்ணச் சொன்னவன் காதுல ஏதோ கோளாறு."

இந்தமுறை அவள் சிரித்துவிட்டாள். மூக்கைத் துடைத்துக்கொண்டே அந்த ஒன்றைச் சேமித்தாள். பாட்டில்லாததால் சத்தத்தோடு இறங்கியது. சரியாக இறங்கியதா என்று திறந்து பார்த்தாள், அவரும் எட்டிப் பார்த்தார். மகளுக்கு அனுப்பட்டுமா என்று கேட்டாள். இப்போது வேண்டாம், வகுப்பில் அழுது வைப்பாள் என்றார்.

"மத்ததெல்லாம்?" என்று கேட்டார்.

"இறக்கினா வெறும் படம்தான் வரும். நீங்க பேசினது எதுவும் இல்ல. விட்டுடலாமா?"

அவர் கைப்பேசியை வாங்கிச் சேமித்து வைத்திருந்த மௌனமான வீடியோக்களைத் தள்ளிக்கொண்டே போனார். ஓரிடத்தில் விரல் நின்றது. மழைநாள். மகள் மழைக்கோட்டோடு முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். பின்னல் பாதியில் இருந்தது. திடீரென்று மகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கி, முக்காலியிலிருந்து அப்படியே பக்கவாட்டில் சரிந்து மறைந்துபோனாள். வெறும் சுவரும், பின்னல் நழுவிய இரண்டு கைகளும் மட்டும் திரையில் நின்றன. அன்று என்ன நடந்தது என்று அவளுக்குச் சுத்தமாக நினைவில்லை. மகளிடம் எப்போதோ கேட்டபோது, அப்பா ஏதோ சொன்னார், என்ன என்று ஞாபகமில்லை என்று சொல்லிவிட்டாள்.

"இதுல என்ன சொன்னீங்க? அவ விழற அளவுக்கு?"

அவருடைய கண் இடுங்கியது. நினைவிருக்கிறது என்று பார்த்தாலே தெரிந்தது. வண்டைக் கழுத்துக்குக் கொண்டுபோனார். பிறகு, இது இதற்குச் சரிப்படாது என்பதுபோல, அதைச் சீப்புகளுக்கு நடுவே மேசையில் வைத்துவிட்டார். நாற்காலியைக் கண்ணாடிப் பக்கம் திருப்பினார். அவளையும் திரும்பச் சொன்னார். கண்ணாடியில் அவள் கண்களைப் பார்த்துக்கொண்டு, வெறும் உதட்டால் பேச ஆரம்பித்தார்.

"மெதுவா" என்றாள். "புரியல. முதல்லேருந்து."

முதல் பாடத்துக்கு வந்தவரிடம் பேசுவதுபோல ஒவ்வொரு சொல்லாக, வாயைப் பெரிதாகத் திறந்து சொன்னார். அவள் அவர் உதட்டையே பார்த்துக்கொண்டு திருப்பிச் சொன்னாள். "மழை… மழைக்கோட்டு… போட்ட… என்னது? பூசணியா? இல்லையா? சரி, மேல சொல்லுங்க." ஒரு சொல்லைத் தப்பாகப் படித்தபோது தலையில் அடித்துக்கொண்டார். சரியாகப் படித்தபோது கட்டைவிரலைக் காட்டினார். பாதிக்கு மேல் அவருக்குப் பொறுமை போய்விட்டது. பழைய வேகம் வந்துவிட்டது. புருவம் ஏறியது, கை தானாக ஸ்டியரிங் பிடித்தது, யாருடைய நடையையோ உட்கார்ந்த இடத்திலேயே நடித்துக்காட்டினார். அவள் திருப்பிச் சொல்வதை விட்டுவிட்டாள். உதடு, கண், கழுத்துத் துணியின் மெல்லிய ஏற்றத்தாழ்வு என்று எல்லாவற்றையும் ஒருசேரப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் முடிக்கும் முன்பே அவளுக்குப் பிடிபட்டுவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டு முன்னால் குனிந்தாள், நாற்காலி அவளோடு சேர்ந்து அரைவட்டம் சுழன்றது.

மூன்று மணிக்கு முடி வெட்டிக்கொள்ள வருவதாகச் சொல்லியிருந்த மருந்துக்கடை அம்மா கண்ணாடிக் கதவுக்கு வெளியே வந்து நின்றாள். உள்ளேயிருந்து ஒரு சத்தமும் அவளுக்குக் கேட்கவில்லை. சீப்புகளுக்கு நடுவே ஒரு கருவி கிடந்தது. ஒரு மனிதர் கண்ணாடியைப் பார்த்து உதட்டை அசைத்துக்கொண்டே போனார், பக்கத்தில் ஒரு பெண் கண்ணில் நீர் வழிய, இன்னொருமுறை என்று விரலைக் காட்டினாள். மருந்துக்கடை அம்மா கைப்பிடியில் கையை வைத்தாள். தள்ளவில்லை. தான் எதைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்று தெரியாமலே சிரித்துக்கொண்டு, அங்கேயே நின்றாள்.